சிச்சோவின் காட்சிகளை ஸ்டோரிபோர்டாக வரைந்து பார்க்கிறேன்

ஸ்டோரிபோர்டு (படம் எடுக்குமுன் காட்சிகளை ஷாட் வாரியாக வரைந்துவைப்பது) பழக, ஒரே இயக்குநரின் காட்சிகளை ஷாட் ஷாட்டாக வரைந்துகொண்டிருக்கிறேன். நான் எடுத்துக்கொண்டவர் நார்சிசோ இபானியேஸ் செர்ராதோர். ஸ்பெயினில் எல்லாருக்கும் அவர் சிச்சோ. 1935-ல் உருகுவேயில் பிறந்து, அர்ஜென்டினா டிவியில் தொழில் பழகி, 60-களில் ஸ்பெயின் வந்தவர். தியேட்டருக்கென்று எடுத்தவை இரண்டே படங்கள்தான், மற்றதெல்லாம் டிவி. 1972-ல் அவர் தொடங்கிய 'உன், தோஸ், த்ரேஸ்' என்ற வினாடி வினா நிகழ்ச்சி, விட்டுவிட்டு 2004 வரை ஓடியது. எனக்கு வேண்டியது அவருடைய திகில் பக்கம்.

முதலில் 1966-ல் டிவிக்காக எடுத்த 'எல் அஸ்ஃபால்தோ'. காலில் மாவுக்கட்டு போட்ட ஒருவர் வெயிலில் இளகிய தாரில் சிக்கிக்கொள்கிறார். போகிறவர் வருகிறவர் யாரும் கைகொடுக்கவில்லை. மெல்ல மெல்ல உள்ளே இறங்குகிறார். நடித்தவர் சிச்சோவின் அப்பா நார்சிசோ இபானியேஸ் மென்தா. தெரு செட்டை வரைந்தவர் கார்ட்டூனிஸ்ட் அந்தோனியோ மிங்கோதே. ஊரே கோட்டுச் சித்திரம், மனிதர் மட்டும் ரத்தமும் சதையும். அதனால் வீடுகளை மெல்லிய பேனாவிலும் அவரை மட்டும் அழுத்தமான பென்சிலிலும் வரைந்தேன். பக்கத்தைத் திருப்பத் திருப்ப அவர் புதைவது நன்றாகவே தெரிகிறது.

அடுத்து 1969-ன் 'லா ரெசிதென்சியா'. பெண்கள் விடுதியின் கண்ணாடிச் செடிவீட்டில் நடக்கும் கொலை, ஸ்லோமோஷனில் படத்தின்மேல் படம் ஏறி வரும். ஒரே தாளில் அது வரவே வராது. ட்ரேசிங் பேப்பரில் தனித்தனியாக வரைந்து அடுக்கியதும் கிட்டத்தட்ட அந்த மயக்கம் வந்துவிட்டது.

இப்போது கையில் இருப்பது 1976-ல் வந்த '¿கியென் புவேதே மாதார் ஆ உன் நீன்யோ?' (ஒரு குழந்தையை யாரால் கொல்ல முடியும்?) என்ற படம். இதுவரை வரைந்ததில் இதுதான் கடினம். பெரியவர்களைக் குழந்தைகள் கொல்லும் ஒரு தீவின் கதை, அதுவும் பட்டப்பகலில். ஒரு சிறுமி கிழவரின் கைத்தடியைப் பிடுங்கி அவரையே அடிக்கிறாள். சுற்றிலும் சுண்ணாம்பு அடித்த வெள்ளைச் சுவர். பயம் என்றாலே கருப்பை அள்ளிப் பூசிப் பழகிய கைக்கு இங்கே வேலையே இல்லை. ஒளிப்பதிவாளர் ஹோசே லூயிஸ் அல்கைனே வெயிலை எங்கும் தணிக்கவில்லை. சரி என்று பென்சிலை ஒதுக்கிவிட்டுப் பேனா மட்டும் வைத்திருக்கிறேன். சுவர்களைக் காலியாக விட்டு, காலடியில் மட்டும் குட்டை நிழல் போடுகிறேன்.

படத்தின் தொடக்கத்தில் போர்களில் வதைபட்ட குழந்தைகளின் நிஜக் காட்சிகள் நிறைய வரும். அவற்றை நான் வரையப்போவதில்லை, அது பயிற்சிக்கான பொருள் இல்லை. அப்புறம், படகுத்துறைக் காட்சியைத் தொடங்கியிருக்கிறேன். அத்தனை பிள்ளைகளின் முகங்களும் ஒன்றுபோல ஆகிவிடாமல் வர வேண்டும்.