மல்லி மொட்டாகத்தான் வரும்

மதுரையில் அபுனைவு, அதாவது கற்பனை கலக்காமல் நடந்ததை எழுதும் எழுத்து, பழகுகிறவர்களை முதலில் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டுக்கு அனுப்ப வேண்டும். விடியற்காலையில் போய் ஒரு மணி நேரம் நிற்கட்டும். நோட்டும் பேனாவும் போதும். போன் பைக்குள்ளேயே இருக்கட்டும். போட்டோ எடுத்தால், பார்ப்பதை வீட்டுக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளலாம் என்று மனசு சோம்பிவிடும். நாற்பது குறிப்பாவது வேண்டும். ஒவ்வொன்றும் ஒரு வரி: கண்டது, கேட்டது, முகர்ந்தது. கருத்து எதுவும் வேண்டாம்.

அப்படியும் பலர் ‘மலர்ந்த மல்லிகையின் மணம் எங்கும் நிறைந்திருந்தது’ என்றுதான் தொடங்குவார்கள். காலையில் மூட்டையில் வருவது மொட்டு. சாயங்காலம் விரியும்போதுதான் மணம் முழுசாக எழும். அந்த வரி மார்க்கெட்டிலிருந்து வரவில்லை, ஏற்கெனவே மனசில் இருந்தது. கற்றுக்கொடுப்பவர் முதலில் பிடிக்க வேண்டிய தவறு இதுதான்.

உதிரிப்பூ கமிஷன் கடையில் கிலோ கணக்கு. தொடுத்த சரம் தெருவில் முழக் கணக்கு. முழம் என்பது விற்பவரின் முழங்கையிலிருந்து விரல் நுனி வரை உள்ள நீளம். இரண்டு பேரிடம் ஒவ்வொரு முழம் வாங்கி ஸ்கேலில் அளந்தால் ஒரு நல்ல பத்தி கிடைக்கும். 2013இல் மதுரை மல்லிக்குப் புவிசார் குறியீடு கிடைத்ததை முதல் பத்தியிலேயே கொட்ட வேண்டாம்; ‘மதுரை மல்லி’ என்று யாராவது கூவுகிற இடம் வரட்டும்.

பிறகு 300 சொல்லில் ஒரே காட்சி. எழுதி முடித்ததும் மூன்று வண்ணத்தில் அடிக்கோடு: நேரில் பார்த்தது நீலம், பிறர் சொன்னது பச்சை, ஞாபகத்திலிருந்து வந்தது சிவப்பு. சிவப்பை மறுபடி போய்ச் சரிபார்க்க வேண்டும். முடியாவிட்டால் ‘என் ஞாபகத்தில்’ என்று கட்டுரைக்குள்ளேயே சொல்லிவிட வேண்டும். ஆசை காட்டி ஏமாற்றுவது உரையாடல்தான். அந்த நிமிஷமே குறித்துக்கொண்ட பேச்சுக்கு மட்டும் மேற்கோள்குறி. மற்றதெல்லாம் ‘என்று சொன்னார்’ போதும். ‘இன்னும் போணியே ஆகலண்ணே’ என்பதை ‘முதல் விற்பனை நடக்கவில்லை’ என்று திருத்தினால் பேசியவரே காணாமல் போய்விடுவார். இரண்டு பூக்காரர்களை ஒருவராக்குவதும் கூடாது. பெயரை மாற்றலாம், மாற்றியதை வாசகருக்குச் சொல்லிவிட்டு.

ஓரத்தில் ‘அருமை’, ‘ஆழமில்லை’ என்று குறிப்பதால் மாணவருக்குப் பயனில்லை. ‘யார் சொன்னது?’, ‘எத்தனை மணிக்கு?’ என்று கேளுங்கள்.

வெளியிடும் முன், பூக்காரம்மா ஒருவரைப் பற்றி எழுதியிருந்தால் அந்தப் பகுதியை அவரிடமே வாசித்துக்காட்ட வேண்டும். எழுதியவரின் அபிப்பிராயத்தை மாற்ற வேண்டியதில்லை. விலையையோ ஊரையோ உறவுமுறையையோ அவர் திருத்தினால், அங்கேயே நின்று திருத்திக்கொள்ள வேண்டும்.