தாமரைப்பாக்கம் அணைக்கட்டு

இன்று காலை கொசஸ்தலையாற்றின் கரையில் நின்று தாமரைப்பாக்கம் அணைக்கட்டை வெகுநேரம் பார்த்தேன். நீரைத் தேக்கிவைக்கும் பேரணை அன்று அது. ஆற்றின் மட்டத்தைச் சற்றே உயர்த்தி, ஒரு பகுதியைக் கால்வாய்க்குள் திருப்பி, மிஞ்சும் வெள்ளத்தை ஆற்றிலேயே விட்டுவிடுகிறது.

சென்னைக்குக் குடிநீர் கொண்டுவரப் பொறியாளர் பிரேசர் வகுத்த திட்டப்படி இங்கே திரும்பிய நீர் சோழவரம் ஏரிக்கும், அங்கிருந்து செங்குன்றம் ஏரிக்கும் சென்று, 1872 முதல் திறந்த மண்கால்வாய் வழியே, நிலத்தின் சரிவை மட்டுமே நம்பிக் கீழ்ப்பாக்கத்தை அடைந்தது.

எவ்வளவு நுட்பமான மட்டக் கணக்கு!

ஆயினும் அந்நீர் வடிகட்டப்படாமலே வீடுகளுக்குச் சென்றது. கீழ்ப்பாக்கத்தில் மணல் வடிகட்டிகள் 1914-இல்தான் வந்தன.

1944-இல் எழுந்த பூண்டி நீர்த்தேக்கத்துக்காகச் சென்னை மேயராக இருந்த சத்தியமூர்த்தியை நன்றியுடன் நினைக்கும் நாம், அதற்கு 70 ஆண்டுகளுக்கு முன்பே சென்னையின் தாகம் தீர்த்த இக்கட்டுமானத்தையும் நம் பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும் என்று மனமார விரும்புகிறேன்.