பட்டாளத்தில் ஒரு மான்செஸ்டர் எம்.பி.

சர் ஹென்றி ராஸ்கோ என்ற ஆங்கிலேய வேதியியலாளருக்கும் சென்னையில் இருக்கும் பட்டாளம் என்ற பேட்டைக்கும் நேரடியாக ஒரு சம்பந்தமும் கிடையாது. ஆனால் அந்த வாரம் முழுக்க அவரைப் பற்றியே படித்துக்கொண்டிருந்ததால், டிமெல்லோஸ் ரோட்டில் நடக்கும்போது மனிதர் கூடவே வந்துவிட்டார்.

வனேடியத்தை நாம் பள்ளியில் தனிம அட்டவணையில் ஒரு கட்டமாகப் பார்த்ததோடு சரி. ஸ்வீடன் வேதியியலாளர் பெர்சீலியஸ் உலோகம் என்று நம்பியது வெறும் சேர்மம் என்று காட்டி, 1860களின் கடைசியில் அசல் உலோகத்தைப் பிரித்தெடுத்தவர் ராஸ்கோ. 1885இல் மான்செஸ்டர் தெற்கில் லிபரல் கட்சிக்காக நின்று ஜெயித்தார், 1895இல் விக்டோரியா ராணியின் மருமகனிடம் தோற்றார். 82 வருட வாழ்க்கையில் நாடாளுமன்றம் பத்தே வருடம்தான். தொழிற்கல்விச் சட்டத்துக்காக அங்கே மல்லுக்கட்டினார், 1889இல் அது வந்தது.

எனக்கென்னவோ அதைவிட 1862தான் பெரிதாகத் தெரிகிறது. அமெரிக்க உள்நாட்டுப் போரால் பஞ்சு வராமல், மான்செஸ்டரைச் சுற்றிய லங்காஷயர் பகுதி மில்கள் நின்றுபோய், ஆயிரக்கணக்கான தொழிலாளிகள் பட்டினி கிடந்த குளிர்காலம் அது. அவர்களுக்காக மாலைக் கூட்டங்கள் நடத்தக் கிளம்பியவர்களில் இந்தப் பேராசிரியரும் ஒருவர். கொஞ்ச வருடம் கழித்து அதையே ஒரு பென்னி கட்டணத்தில் அறிவியல் சொற்பொழிவுகளாக மாற்றினார், உயிரியலாளர் ஹக்ஸ்லியே வந்து பேசினார்.

சரி, பட்டாளத்துக்கு வருவோம். டீக்கடையில் இருந்த பெரியவரிடம், இங்கிருந்த பழைய பி அண்ட் சி பஞ்சாலை எங்கே இருந்தது என்று கேட்டேன்.

"எந்த மில்லு தம்பி, பக்கிங்காமா கர்நாட்டிக்கா?" என்றார், ஏதோ இரண்டும் இன்னும் ஓடுகிற மாதிரி. அப்புறம் அடுக்குமாடிகள் பக்கம் கையைக் காட்டினார். "சங்கு ஊதுனா இந்த ரோட்ல நிக்க முடியாது, அவ்ளோ கூட்டம்."

1918இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தது இந்த பி அண்ட் சி மில் ஆட்களால்தான். தொழிற்சங்கத் தலைவர்கள் வாடியா, திரு.வி.க. எல்லாம் வந்து பேசிய பேட்டை. இதில் ஒரு உறுத்தல் உண்டு. ராஸ்கோ எம்.பி.யாக இருந்த காலத்திலேயே, 1894இல், லங்காஷயர் முதலாளிகளின் நெருக்கடியால் இந்திய மில் நூலுக்கு உற்பத்தி வரி போட்டார்கள். அவருடைய ஊர் ஆலைக்காரர்கள் கண்ணை உறுத்திய மில்களில் இந்த இரண்டும் சேர்த்திதான். பென்னி சொற்பொழிவைப் பாராட்டும்போது இதையும் மறக்கக்கூடாது.

அந்தச் சொற்பொழிவுக்கு இங்கே இணை தேடினால் எனக்குச் சிங்காரவேலர்தான் கிடைக்கிறார். வேதியியல் படித்தவரில்லை, வக்கீல். 1923இல் மே தினம் கொண்டாடியவர் என்று மட்டும் எல்லாருக்கும் தெரியும், ஆனால் 'குடி அரசு' பத்திரிகையில் அவர் எழுதிய அறிவியல் கட்டுரைகளைத் தேடிப் படித்துப் பாருங்கள். இதற்காக எந்த நாடாளுமன்றத்திலும் உட்கார வேண்டிய தேவை அவருக்கு இருக்கவில்லை.