கிளினிக் கொப்பியும் புதுக்கடை மனுவும்

கல்முனையில் சட்டத்தரணியாக இருக்கும் எனக்கு வரும் வழக்குகளில் பெரும்பாலானவை காணி, தாபரிப்பு, காசோலை. இராணுவத்திலிருந்து நீக்கப்பட்டவர்கள் அபூர்வமாகத்தான் வருவார்கள். வந்தாலும் தனியாக வருவதில்லை, உம்மாவோ வாப்பாவோ கூட வருவார்கள். கதையையும் அவர்களே சொல்வார்கள். பொடியன் நிலத்தைப் பார்த்தபடி இருப்பான்.

கல்முனையிலேயே மேல் நீதிமன்றம் இருக்க ஏன் கொழும்புக்குப் போக வேண்டும் என்று எல்லோரும் கேட்பார்கள். அரச அதிகாரிகளின் முடிவை இரத்துச் செய்யும் கட்டளையான எழுத்தாணையை (ரிட்) வழங்கும் அதிகாரம் மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் உண்டுதான், ஆனால் மாகாணத்துக்குரிய விடயங்களில் மட்டும். பாதுகாப்பு மத்திய அரசுடையது. ஆகவே அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் கொழும்பு புதுக்கடையில் உள்ள மேன்முறையீட்டு நீதிமன்றம்தான். அடிப்படை உரிமை மனு என்றால் உயர் நீதிமன்றம், அதற்கு ஒரு மாத அவகாசம்தான். மனித உரிமைகள் ஆணைக்குழுவில் அந்த மாதத்துக்குள் முறையிட்டிருந்தால், விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. என்னிடம் வருகிறவர்களில் அநேகருக்கு அந்த மாதம் எப்போதோ போயிருக்கும்.

அப்படி வந்த ஒரு குடும்பத்தில், பொடியனின் உம்மா ஒரு பொலித்தீன் பையை மேசையில் கொட்டினார். முகாமுக்கு அனுப்பிய மெடிக்கல் பிரதிகள், பதிவுத் தபால் துண்டுகள், நீக்கக் கடிதம். ஒவ்வொரு மெடிக்கலிலும் நாரிப்பிடிப்பு, நாரிப்பிடிப்பு. பையின் அடியில், மண்ணிறத் தாள் உறை போட்ட ஒரு கிளினிக் கொப்பி. மட்டக்களப்பு வைத்தியசாலையின் மனநலப் பிரிவு. முதல் முத்திரையின் திகதி நீக்கக் கடிதத்துக்கு வெகுநாள் முந்தியது.

“இதை ஏன் அனுப்பல்ல?” என்று கேட்டேன்.

“விசர் எண்டு எழுதிக் குடுத்தா இவன்ட தங்கச்சிக்கு ஆர் சேர் மாப்பிள்ளை தருவா?”

இந்த வகை வழக்கின் முழுச் சிக்கலும் அந்தக் கேள்விக்குள் இருக்கிறது. எழுத்தாணை மனுவில் நீதிமன்றம் பார்ப்பது முடிவு சரியா பிழையா என்பதையல்ல. அதிகாரம் இருந்ததா, அவனைக் கேட்டார்களா, கவனிக்க வேண்டியதைக் கவனித்தார்களா என்பதைத்தான். நாரிப்பிடிப்பு என்று நாமே எழுதிக் கொடுத்துவிட்டு, மனச்சோர்வைக் கவனிக்கவில்லை என்று தளபதியை எப்படிக் குறை சொல்வது?

இந்தியத் தீர்ப்புகள் நமது நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது, ஆனாலும் கையில் வைத்திருப்பேன். வீர் பால் சிங் வழக்கில் (2013), மனச்சிதைவு என்று விலக்கப்பட்ட சிப்பாய் ஒருவரை மீண்டும் மருத்துவச் சபை முன் நிறுத்தும்படி அந்நாட்டு உச்ச நீதிமன்றம் சொன்னது. மருத்துவச் சபை சொன்னதும் கேள்விக்கு அப்பாற்பட்டதல்ல என்பதே அதன் சாரம். ரவீந்தர் குமார் தாரிவால் வழக்கு (2021) இன்னும் கிட்டியது. அவர் துணை இராணுவப் படை அதிகாரி. நடத்தைக்குக் காரணங்களில் ஒன்றாக மனநலக் குறைபாடு இருந்தால், அதற்காக ஒழுக்காற்று நடவடிக்கை தொடங்குவதே பாரபட்சம் என்றார்கள். படித்தபோது மேசையைத் தட்டினேன். ஆனால் அங்கே நோய் படைக்குத் தெரிந்திருந்தது.

இங்கே? பொடியன் முதல் தடவையாக வாய் திறந்தான். முகாமில் சுகமில்லை என்று சிக் ரிப்போர்ட் போட்டு, நித்திரைக்குக் குளிசை தந்தார்களாம்.

அப்படியானால் படையின் ஏட்டிலேயே எங்கோ இருக்க வேண்டும். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மருத்துவப் பதிவுகளுக்கு விலக்கு உண்டு. உரியவர் எழுத்தில் சம்மதித்தால் அந்த விலக்கு இல்லை. அவன் சம்மதித்தான். வாப்பா தடுத்தார், மகளின் கலியாணம் முடியட்டும் என்று. நான் வற்புறுத்தவில்லை, கேஸ் அவர்களுடையது. கலியாணம் முடிந்த அடுத்த கிழமை அவன் தனியாக வந்து கையெழுத்து வைத்தான்.

எழுத்தாணை மனுவுக்கு இத்தனை நாள் என்று எல்லை இல்லை, ஆனால் தாமதத்துக்குக் காரணம் சொல்லியாக வேண்டும். சத்தியக் கடதாசியில் கலியாணத்தைப் போடுவதா என்று கொழும்புச் சிரேஷ்ட சட்டத்தரணியோடு நெடுநேரம் வாதாடினேன். நீதியரசர்கள் சிரிப்பார்கள் என்றார் அவர். நோயை ஏன் மறைத்தார்கள் என்பதற்கும் அதுதானே காரணம் என்றேன். போட்டோம்.