அப்பளமும் அறுபத்து நாலும்

6 ஜூன் 2026, கல்லிடைக்குறிச்சி

அக்கா மகன் லீவுக்கு வந்திருக்கான். எட்டாம் வகுப்பு. டியூஷன் நோட்டில் '0, 1, 4, 5, 6, 9-ல் முடிந்தால் முழு வர்க்கம்' என்று சிவப்பு மையில் எழுதி, கட்டமும் போட்டு வைத்திருக்கிறான். வர்க்கம் என்றால் ஒரு முழு எண்ணை அதாலேயே பெருக்கி வருவது. எழுதிக் கொடுத்தவரைச் சொல்ல வேண்டும்! 2, 3, 7, 8-ல் முடிந்தால் வர்க்கம் இல்லை; அது சரி. மற்றதில் முடிந்தால் 'இருக்கலாம்', அவ்வளவுதான்.

"அப்ப 2026?" என்றேன்.

"6-ல முடியுது மாமா. வர்க்கம்தான்."

இலக்கங்களைக் கூட்டச் சொன்னேன். 10, அதையும் கூட்டினால் 1. வர்க்க எண் என்றால் கடைசியில் 1, 4, 7, 9-ல் ஒன்றுதான் வரும். அதிலும் 2026 தப்பித்துவிட்டது. பயலுக்கு ஒரே சிரிப்பு. காரணிப்படுத்தியதும்தான் மாட்டியது: 2 × 1013. 2-க்கு ஜோடி இல்லை. போன வருஷம் 2025, அது 45-இன் வர்க்கம். அடுத்தது 46-இன் வர்க்கம், 2116. அதைப் பார்க்க நான் இருக்க மாட்டேன்.

7 ஜூன்

காலையில் அம்மா மாடியில் பழைய வேட்டியை விரித்து அப்பளம் காயப் போட்டாள். வரிசைக்கு எட்டு, எட்டு வரிசை, ஆக 64. ஒன்பதுக்கு ஒன்பது ஆக்க இன்னும் எத்தனை வேணும் என்று பயலைக் கேட்டேன். பக்கத்தில் எட்டு, கீழே எட்டு, மூலைக்கு ஒன்று என்று விரலால் தொட்டுத் தொட்டு எண்ணி 17 என்றான். அதுக்கு முந்தி 15, அதுக்கு முந்தி 13. அப்படியே உரித்துக்கொண்டே போனால் மூலையில் ஒரே ஒரு அப்பளம் மிஞ்சும். எந்த எண்ணிலும் 1, 3, 5, 7 என்று வரிசையாகக் கழித்துப் பார்; சரியாகப் பூஜ்யத்தில் நின்றால் வர்க்கம். 64-க்கு எட்டுத் தடவை கழிக்கணும், அதன் வர்க்கமூலமும் எட்டு.

17-ஐ எடுக்கப் போவதற்குள் மேற்கே இருட்டிவிட்டது. "ஏலே, சாரல் வருது, வேட்டியப் பிடில!" என்று அம்மா சத்தம். பாதி நமுத்துப் போச்சு.

9 ஜூன்

இன்று கனம், அதாவது ஒரே எண்ணை மூணு தடவை போட்டுப் பெருக்கி வருவது. இதில் கடைசி இலக்கத்தை வைத்து எதையும் தள்ள முடியாது, பத்தும் வரும். ஆனால் மூலத்தின் ஒன்றாம் இலக்கத்தைக் காட்டிக்கொடுக்கும்: 2-க்கு 8, 8-க்கு 2, 3-க்கு 7, 7-க்கு 3, மற்றதெல்லாம் அதது. 17576-ஐக் கொடுத்தேன். 6-க்கு 6, முன்னால் நிற்கும் 17, 2-இன் கனமான 8-க்கும் 3-இன் கனமான 27-க்கும் நடுவில், ஆகவே பத்தாம் இலக்கம் 2. "26!" என்று குதித்தான். சரிதான். உடனே 19686 கொடுத்தேன். அதுக்கும் 26 என்றான். கனமே இல்லாத எண்ணுக்கும் இந்த வித்தை ஒரு விடை சொல்லிவிடும். கூட்டிப் பார்த்தால் 30, பிறகு 3. கனத்துக்கு 1, 8, 9 தவிர வராது.

5488-ஐக் கனமாக்க எதால் பெருக்கணும்? நாலு 2, மூணு 7. 2-ஆல் என்றான். மூணு மூணாகக் கட்டினால் ஒரு 2 தனியாக நிற்குது, அதுக்குத் துணை இரண்டு வேணும், ஆகவே 4.

10 ஜூன்

"மாமா, அந்த 64 கனமும்தானே? நாலு நாலு நாலு?"

நானாகச் சொல்லக்கூடாது என்று மூணு நாளாக அடக்கி வைத்திருந்தேன். இரண்டுமாக இருக்கணும்னா ஒவ்வொரு பகாக் காரணியும் ஆறு ஆறாக வரணும். ஆயிரத்துக்குள் 1, 64, 729, மூணே மூணு. அடுத்தது 4096. அதுக்கடுத்தது என்ன என்று கேட்டுவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தேன். நமுத்த அப்பளத்தைத்தான் அம்மா பொரித்திருந்தாள். நான் கை கழுவுவதற்குள் காலண்டர் தாளின் பின்பக்கம் 15625 என்று எழுதி நீட்டினான்.