நடந்ததை நினைப்பதே நோயாகும்போது

பிளேக் கிரவுச் எழுதி 2019இல் வெளிவந்த ‘ரிகர்ஷன்’ என்னும் அறிபுனை நாவலில் ஒரு நோய் வருகிறது. பொய் நினைவு நோய் என்று அதற்குப் பெயர். எப்போதும்போல் தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்கும் ஒருவருக்குத் திடீரென்று மூக்கிலிருந்து இரத்தம் ஒழுகுகிறது; அதே நொடியில் முற்றிலும் வேறொரு வாழ்க்கையின் நினைவுகள் அவருக்குள் வந்து இறங்கிவிடுகின்றன. வேறு துணை, வேறு ஊர், பெற்று வளர்த்த பிள்ளை என்று ஆண்டுக்கணக்கான நினைவுகள் அவை. சொந்த நினைவுகளைப் போலன்றி நிறம் வெளிறிச் சாம்பல் பூத்திருக்கும். இந்த நோய் தொற்றுமோ என்ற அச்சத்தில் நோயாளியின் பக்கத்தில் போகவே மக்கள் தயங்குகிறார்கள்.

கதை 2018 நவம்பரில், நியூயார்க்கின் ஓர் உயரமான கட்டடத்தில் தொடங்குகிறது. நாற்பத்தொன்றாம் மாடியின் விளிம்பில் ஆன் வாஸ் பீட்டர்ஸ் என்ற பெண் உட்கார்ந்திருக்கிறாள். அவளை மீட்க வரும் பாரி சட்டன் என்ற காவல் அதிகாரி, பதினோரு ஆண்டுகளுக்கு முன் தன் மகளை விபத்தில் பறிகொடுத்தவர். அந்த நோய் கண்ட ஆனுக்கு சாம் என்று ஒரு மகன் இருந்தான்; ஆனால் அவன் பிறந்ததற்கான சான்று உலகில் எங்குமே இல்லை. நினைவில் கணவனாக இருந்தவனைத் தேடிக் கண்டுபிடித்தால், அவன் வேறொருத்தியுடன் குடும்பம் நடத்திக்கொண்டிருக்கிறான். அவளுடைய துக்கத்தில் பங்கெடுக்க ஒருவரும் இல்லை என்பதுதான் என்னைப் பல நாள் விடாமல் வருத்தியது.

இனி கதையின் முடிச்சைச் சொல்லியாக வேண்டும். நாவலைப் படிக்க எண்ணியிருப்பவர்கள் படித்துவிட்டு வரலாம். அல்சைமர் நோயால் தாய் தன்னை இழந்துகொண்டிருப்பதைப் பார்க்கும் ஹெலினா ஸ்மித் என்ற நரம்பியல் ஆய்வாளர், நினைவுகளைப் பதிவுசெய்து, பிறகு அவற்றை மீட்டுத் தரும் ஒரு நாற்காலியை உருவாக்குகிறார். அது தவறான கைகளில் சிக்கி, பழைய நினைவு ஒன்றின் வழியாக அந்தக் கணத்துக்கே ஆளைத் திருப்பி அனுப்பும் கருவியாக மாறிவிடுகிறது. திரும்பிப் போனவர் வேறு விதமாக வாழத் தொடங்கியதும் பழைய காலவரிசை அறுந்துபோகிறது. ஆனால் அவர் புறப்பட்ட அந்தத் தேதியை நாட்காட்டி மறுபடி எட்டும்போது, அறுந்த வாழ்க்கையின் நினைவுகள் அதனோடு தொடர்புடைய அத்தனை பேர் மீதும் வந்து விழுகின்றன. அப்படியானால் ஆன் நினைத்து அழுத சாம் உண்மையில் வாழ்ந்தவன். பொய் நினைவு என்ற மருத்துவர்களின் முடிவே தவறு.

நம் உலகில் பொய் நினைவு இதற்கு நேர்மாறானது. 1995இல் உளவியல் ஆய்வாளர்கள் எலிசபெத் லாஃப்டஸும் ஜாக்குலின் பிக்ரெலும் வெளியிட்ட ஆய்வில், 24 பேரிடம் அவர்களுடைய சிறுவயதில் நடந்ததாகச் சில சம்பவங்கள் விவரிக்கப்பட்டன. அவற்றுள் ஒன்று, கடைத்தொகுதியில் வழிதவறி அழுது, ஒரு முதியவரால் மீட்கப்பட்டதாகப் புனையப்பட்டது. ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கினர் அதை முழுமையாகவோ ஓரளவோ தங்கள் நினைவாகவே ஏற்றுக்கொண்டார்கள். வெளிச்சான்று இல்லாமல், ஒரு தனி நினைவை மட்டும் வைத்து அது மெய்யா பொய்யா என்று உறுதியாகச் சொல்ல நமக்கு வழியில்லை. கிரவுச் தன் நோயாளிகளுக்குச் சாம்பல் நிறம் என்ற ஓர் அடையாளத்தையாவது கொடுத்திருக்கிறார். அது பெரிய கருணை என்றே எனக்குப் படுகிறது.

பாரியும் பின்னோக்கி அனுப்பப்பட்டு, விபத்துக்கு முன்பே மகள் மேகனைக் காப்பாற்றிவிடுகிறார். அவள் வளர்கிறாள். பிறகு 2018 வருகிறது. கண்ணெதிரே உயிரோடு இருக்கும் மகளின் சாவு பெற்றோருக்கு நினைவுக்கு வருகிறது. இந்தப் பகுதியைப் படித்தபோது எங்கள் அப்பத்தாவை எண்ணாமல் இருக்க முடியவில்லை. மறதிநோய் முற்றியிருந்த காலத்தில், “பெரியவன் இன்னும் வரலையே, சோறு ஆறுதே” என்று, எப்போதோ காலமாகிவிட்ட பெரியப்பாவுக்காக மாலைதோறும் வாசலைப் பார்த்து உட்கார்ந்திருப்பார். சித்தப்பா உண்மையைச் சொல்லிவிடுவார். அப்பத்தாவுக்கோ ஒவ்வொரு முறையும் அது அன்றுதான் வந்த சாவுச் செய்தி. அம்மாதான் கடைசியில், “பெரிய மாமா வந்துருவாக, நீங்க சாப்பிடுங்க அத்தை” என்று சொல்லத் தொடங்கினார். அன்றைக்கு அம்மா செய்தது சரி என்று இப்போதும் நம்புகிறேன். ஆனின் மகன் எங்கே என்று யாராவது அவளிடம் அக்கறையோடு கேட்டிருந்தால், அதுவும் சரியாகவே இருந்திருக்கும்.

நாவலின் பிற்பகுதி மீது எனக்குக் குறை உண்டு. நாற்காலியின் இரகசியம் நாடுகளுக்குத் தெரிந்து, அணு ஆயுதங்கள் பாயும் அளவுக்குக் கதை பெருத்துவிடுகிறது. அந்தப் பேரழிவைத் தடுக்க ஹெலினா திரும்பத் திரும்பத் தன் இளமைக்குச் சென்று, அதே ஆண்டுகளை மறுபடி மறுபடி வாழ்கிறாள். அத்தனை ஆயுள்களின் நினைவும் ஒருத்திக்குள் குவிந்து, அவள் மனமே தளரத் தொடங்குகிறது. தாயின் மறதியைத் தீர்க்கப் புறப்பட்ட மகள், மறக்க முடியாமையால் நலிவுறுகிறாள். ஏவுகணைகளுக்கு ஒதுக்கிய பக்கங்களில் பாதியையாவது கிரவுச் இதற்குக் கொடுத்திருக்க வேண்டும்.