ட்சுருமி லைன்: திரும்பும் ரயிலை முதலில் பாருங்கள்

ஜப்பானில் யோகோஹாமாவுக்கும் கவாசாகிக்கும் நடுவே, கடலைத் தூர்த்து உண்டாக்கிய தொழிற்பேட்டைக்குள் ஓடுகிறது ட்சுருமி லைன் என்ற ரயில் பாதை. கிளைகள் இரண்டையும் சேர்த்தாலும் 9.7 கி.மீ.தான். 1926-இல் சரக்குக்காகப் போட்ட பாதை இது. 1930-இல் பயணிகளை ஏற்றத் தொடங்கி, 1943-இல் அரசுடைமை ஆனது. கடலைத் தூர்த்த தொழிலதிபர் அசானோ சோயிச்சிரோவின் பெயரில் இன்றும் ஒரு நிலையம் இருக்கிறது.

இங்கே அட்டவணை ஷிப்டு நேரத்தை ஒட்டியே அமைந்திருக்கிறது. காலையும் மாலையும் ரயில்கள் அடுத்தடுத்து வரும். நடுப்பகலில், ஒரு கிளையின் கடைசி நிலையமான உமி ஷிபாவுராவுக்குப் போகும் ரயிலைத் தவறவிட்டால் ஒரு மணி நேரத்துக்கு மேலும் காத்திருக்க நேரலாம். விடுமுறை நாட்களில் இன்னும் குறைவு. அதனால் போகும் ரயிலுக்கு முன்னால் திரும்பும் ரயிலைக் குறித்துக்கொள்ளுங்கள்.

யோகோஹாமாவிலிருந்து வருபவர்கள் கெய்ஹின் தோஹோகு ரயிலில்தான் ஏற வேண்டும். வெளிர்நீலப் பட்டை போட்டிருக்கும். மூன்றாவது நிறுத்தம் ட்சுருமி. வேகமாகப் போகலாமென்று தொக்கைடோ ரயிலில் ஏறினால் ட்சுருமியில் நிற்காமல் கவாசாகிக்குக் கொண்டுபோய்விடும். ட்சுருமியில் மேல்தளத்து 3, 4-ஆம் நடைமேடைகளுக்குப் போங்கள். மூன்று பெட்டி ரயில்தான். 2023 டிசம்பரிலிருந்து புதிய இ131 வண்டிகள் ஓடுகின்றன.

உமி ஷிபாவுராவுக்குச் சுமார் 11 நிமிடம். இடப்பக்கம் உட்காருங்கள். அசானோ தாண்டியதும் கால்வாய் அந்தப் பக்கமாகவே கூட வரும். கடைசியில் நடைமேடையின் கைப்பிடிக் கம்பிக்குக் கீழேயே தண்ணீர். நிலையத்தின் வாசல் நேரே தொஷிபா தொழிற்சாலைக்குள் திறக்கிறது. பணியாளர்களைத் தவிர யாரும் வெளியே போக முடியாது. அந்த வாசலை நோக்கிக் கேமராவைத் திருப்பவும் வேண்டாம். மற்றவர்களுக்காகத் தொஷிபா 1995-இல் பக்கத்திலேயே ஒரு சின்னப் பூங்கா அமைத்துக் கொடுத்தது. காலை 9 முதல் இரவு 8.30 வரை திறந்திருக்கும். ட்சுருமி ட்சுபாசா பாலம் நன்றாகத் தெரியும் இடம். ஒரு ஆலை தன் எல்லைக்குள் ஊருக்காக இப்படி இடம் விட்டது பெரிய விஷயம்.

பலர் சிக்கிக்கொள்வது சூயிகா என்ற ரயில் கட்டண அட்டையில். நிலையத்தில் ஆள் கிடையாது. தடுப்புக் கதவும் இல்லை, அட்டை காட்டும் கம்பம் மட்டும்தான். பூங்காவுக்குப் போகும்போது வெளியேறும் கம்பத்திலும், திரும்பும்போது நுழையும் கம்பத்திலும் தொட வேண்டும். தொடாமல் அப்படியே புறப்பட்ட நிலையத்துக்குத் திரும்பினால், ஏறிய நிலையத்திலேயே இறங்குவதாகக் கணக்காகி அங்கே கதவு மூடிக்கொள்ளும். அந்தக் கம்பத்தில் பணம் ஏற்ற முடியாது; ட்சுருமியிலேயே ஏற்றிக்கொண்டு கிளம்புங்கள்.

ஓகாவா கிளை 1 கி.மீ.தான். வேலை நாட்களில் காலை, மாலை மட்டுமே ரயில். வரைபடத்தில் அது முசாஷி ஷிராயிஷியில் பிரிகிறது, ஆனால் ஓகாவா ரயில் அங்கே நிற்காது. அங்கிருந்த நடைமேடை கடும் வளைவில் இருந்தது. 17 மீட்டர் நீளமுள்ள பழைய பெட்டிதான் உரசாமல் போகும். 1996-இல் அது ஓய்வு பெற்று 20 மீட்டர் பெட்டிகள் வந்ததும் நடைமேடையை எடுத்துவிட்டார்கள். ஓகாவாவுக்கு மாறுவதென்றால் ஒரு நிலையம் முன்னதாக, அன்சென்னிலேயே இறங்குங்கள்.

நேரம் குறைவென்றால் ட்சுருமிக்கு அடுத்த கொகுடோ நிலையம் மட்டும் போதும். 1930-இல் கட்டிய வளைவுகளுக்கு அடியில் இருண்ட நடைபாதை, வெளிச்சுவரில் போர்க்காலத் துப்பாக்கிச் சூட்டின் தடங்கள். அங்கிருந்து ட்சுருமிக்கு ஒரு கி.மீ. கூட இல்லை, நடந்தே திரும்பிவிடலாம்.